மருதமலைப் பாட்டுக்கு மெட்டுப் போட்டவர்

தைப்பூசம், பங்குனி உத்திரம் வந்தால் போதும். அரிமளம் என்றில்லை, புதுக்கோட்டைச் சீமையில் எந்த ஊர்ப் பந்தலில் மைக் செட் கட்டினாலும் மருதமலை முருகனைக் கூப்பிடும் அந்தப் பாட்டு ஒலிக்காமல் இருக்காது. பாடியவர் யார் என்று கேட்டால், 'மதுரை சோமு' என்று பெரியவர்கள் சட்டென்று சொல்லிவிடுவார்கள். எழுதியவர் கண்ணதாசன் என்பதும் பலருக்குத் தெரியும். மெட்டுப் போட்டவர் யார் என்றால்தான் கொஞ்சம் யோசிப்பார்கள்.

அவர் நமக்குப் பக்கத்து ஊர்க்காரர்தான். அரிமளத்தில் பஸ் ஏறி, காரைக்குடியில் இறங்கி, திருப்பத்தூர் ரோட்டில் கொஞ்ச தூரம் போனால் முருகன் மலைமேல் நிற்கும் குன்றக்குடி. அங்கே 1935-ல் பிறந்தவர் வைத்தியநாதன். வயலினைக் கற்றுக்கொடுத்தது அப்பா ராமசாமி சாஸ்திரி. பன்னிரண்டு வயதிலேயே மேடையேறி, அரியக்குடி, செம்மங்குடி போன்ற ஜாம்பவான்களுக்குப் பக்கவாத்தியம் வாசித்தவர்.

சினிமாவுக்கு அவரை இசையமைப்பாளராக அழைத்து வந்தவர் ஏ.பி.நாகராஜன். 1969-ல் 'வா ராஜா வா'. அடுத்த வருடம் 'திருமலை தென்குமரி'. பிறகு 'அகத்தியர்'. அதில் சீர்காழி கோவிந்தராஜனும் டி.எம்.எஸ்ஸும் குரலால் மோதிக்கொள்ளும் இசைப் போட்டியை மறக்க முடியுமா? 1973-ல் வந்த தமிழின் முதல் சினிமாஸ்கோப் படம் 'ராஜராஜ சோழன்'. அதற்கும் இவர்தான் இசை.

மருதமலைப் பாட்டு 1972-ல் தேவர் எடுத்த 'தெய்வம்' படத்தில் வந்தது. அந்தப் படத்தில் ஒரு விசேஷம். மதுரை சோமு, பெங்களூர் ரமணியம்மாள், பித்துக்குளி முருகதாஸ் என்று கச்சேரிக்காரர்களே திரையில் தோன்றிப் பாடினார்கள். ஒவ்வொருவருக்கும் ஒரு பாணி. அந்தப் பாணி கெடாமல், அதே சமயம் டூரிங் டாக்கீஸ் மணலில் உட்கார்ந்திருப்பவரும் கூடவே முணுமுணுக்கும்படி மெட்டுப் போட வேண்டும். இரண்டும் தெரிந்த ஒருவரால்தான் அது முடியும்.

இத்தாலியில் ஒருவர் இருந்தார், என்னியோ மோரிக்கோனே. அவருக்கும் அப்பா இசைக்கலைஞர். முறையாகச் சங்கீதம் படித்தவர், கௌபாய் படங்களுக்கு விசிலையும் சாட்டைச் சத்தத்தையும் இசையாக்கினார். 'இதெல்லாம் சங்கீதமா?' என்ற முணுமுணுப்பு அவருக்கும் இருந்தது. 2016-ல், 87 வயதில் போட்டி ஆஸ்கர் வாங்கினார். உலகமே எழுந்து நின்று கைதட்டியது.

நம் குன்னக்குடியையும் சபா ரசிகர்கள் சிலர் அப்படித்தான் பேசினார்கள். கச்சேரியில் சினிமாப் பாட்டு வாசிக்கிறாரே, வயலினைப் பேச வைக்கிறாரே என்று குறை. அவர் அசரவில்லை. 1970-களின் நடுவில் பக்கவாத்தியத்தை விட்டுவிட்டு, வலையப்பட்டி சுப்பிரமணியத்தின் தவிலோடு தனிக் கச்சேரியாக ஊர் ஊராகப் போனார். ராகத்தின் பெயர் தெரியாதவர்களும் கடைசிவரை எழுந்திருக்காமல் கேட்டார்கள். அதே மனிதர்தான் திருவையாறு தியாகராஜர் ஆராதனைச் சபையின் செயலாளராகவும் பல்லாண்டு இருந்தார். ஜனரஞ்சகமும் சாஸ்திரமும் சண்டைக்காரர்கள் அல்ல என்பதற்கு வேறென்ன சாட்சி வேண்டும்?

2005-ல் பத்மஸ்ரீ. 2008 செப்டம்பர் 8-ல் மறைந்தார். நெற்றி நிறைய விபூதி, பெரிய பொட்டு, சிரித்த முகம்... அந்தத் தோற்றம் பலருக்கும் ஞாபகம் இருக்கிறது. மெட்டுகள்தான் பெயரில்லாமல் சுற்றிக்கொண்டிருக்கின்றன.

இனி செல்போனில் அந்தப் பாட்டைப் போடும்போது, பக்கத்தில் இருக்கும் பேரப்பிள்ளையிடம் ஒரு வரி சேர்த்துச் சொல்லுங்களேன்: "இதுக்கு மியூசிக் போட்டவர் நம்ம குன்றக்குடிக்காரர்டா!"