வென்றவர் எழுதாத வெற்றி

வாளேந்திய வீரர் கதைகளை இளையோர் விரும்பிப் படிப்பது எந்நாட்டிலும் இயல்பே. ஜப்பான் நாட்டில் அவ்வீரர்க்குச் சாமுராய் என்பது பெயர். அவர்களைப் பற்றி அங்கு எழுந்த புதினங்களுள் பெரும்புகழ் பெற்றது யோஷிகாவா எய்ஜி இயற்றிய ‘மியாமோட்டோ முசாஷி’ என்பதாகும். அது 1935 முதல் 1939 வரை அசாஹி நாளிதழில் தொடர்ந்து வெளிவந்தது.

முரட்டு இளைஞனாகிய முசாஷியைத் தகுவான் என்னும் துறவி நெடுமரம் ஒன்றில் கட்டித் தொங்கவிடுகிறார்; பின்னர் ஹிமேஜிக் கோட்டையின் மூடிய அறையில் மூன்றாண்டுகள் நூல்களோடு அடைத்து வைக்கிறார். வெளிவருபவன் புதிய மனிதன். தகுவான் மெய்யாகவே வாழ்ந்தவர். எனினும், அவர் முசாஷியைச் சந்தித்தார் என்பதற்குச் சான்றில்லை. அது புனைவே. ஆயினும் குற்றமன்று. கல்வி ஒருவனை உருக்கி வார்க்கும் என்பதை இதனினும் தெளிவாகக் காட்டுதல் அரிது.

குறை, கதை முடியும் இடத்தில் உள்ளது. கன்ரியூத் தீவில் சசாகி கோஜிரோ என்னும் வாள்வீரரை முசாஷி மரவாளால் வீழ்த்துவதோடு புதினம் நின்றுவிடுகிறது. அப்போட்டி 1612-ஆம் ஆண்டில் நிகழ்ந்தது என்பர். முசாஷியோ 1645 வரை வாழ்ந்தார்.

முதுமையில் அவர் குமமோட்டோவுக்கு அருகே மலைக்குகை ஒன்றில் தங்கி, ‘ஐந்து வளையங்களின் நூல்’ என்பதை 1643-இல் எழுதத் தொடங்கினார். பதின்மூன்றாம் வயது முதல் அறுபதுக்கு மேற்பட்ட போட்டிகளில் ஈடுபட்டு, ஒன்றிலேனும் தோற்றதில்லை என்று அதில் கூறுகிறார். செருக்குரை போலும் என்று நாம் எண்ணுமுன்னரே, முப்பது வயது கடந்து எண்ணிப் பார்த்தபோது அவை முதிர்ந்த கலைத்தேர்ச்சியால் வந்த வெற்றிகள் அல்ல என்று உணர்ந்ததாகவும் எழுதுகிறார். இயற்கைத் திறனோ, ஊழோ, எதிரிகளின் குறைபாடோ காரணமாகலாம் என்பது அவர் கருத்து. அதன்பின் ஐம்பது வயதளவும் காலையும் மாலையும் பயின்றார். கோஜிரோவின் பெயர் அந்நூலில் ஓரிடத்தும் இல்லை! புதினம் மணிமுடியாகச் சூட்டிய வெற்றியை, வென்றவர் குறிப்பிடவும் இல்லை.

நாள்தோறும் அடுத்த பகுதியை எதிர்நோக்கும் வாசகர்க்கு, சிந்திக்கும் முதியவரினும் வாள்வீசும் இளைஞரே இனிப்பர் போலும். காலமும் அத்தகையது, 1937-இல் ஜப்பான் சீனத்தோடு பெரும்போர் தொடங்கிவிட்டது.

முசாஷி தீட்டியதாகப் போற்றப்படும் மையோவியம் ஒன்று இன்றும் உள்ளது. பட்டுப்போன நீண்ட கிளை. அதன் உச்சியில் ஒரு கீச்சான் பறவை. கிளையின்மேல் ஊரும் சிறு புழு. பறவை இன்னும் அசையவில்லை.