சொன்னவர் யார், கேட்டவர் யார்?

புதிதாகக் கடை திறக்கும் கிறிஸ்தவ அன்பர்கள் முகப்புப் பலகையில் எழுத விரும்பும் திருவசனங்களுள் ஒன்று, யோபு ஆகமம் 8-ஆம் அதிகாரத்தின் 7-ஆம் வசனம். தொடக்கம் சிறிதாயினும் முடிவு பெரிதாக வளரும் என்பது அதன் கருத்து. கூடுவாஞ்சேரி போன்ற நெடுஞ்சாலை ஊர்களில் மட்டுமன்று, தமிழகத்தின் எந்த ஊர்க் கடைத்தெருவிலும் இதனைக் காணலாம். திருமண அழைப்பிதழிலும் இடம் பெறும். புத்தாண்டில் வழங்கும் வாக்குத்தத்த அட்டையிலும் இடம் பெறும்.

இவ்வசனத்தைச் சொன்னவர் யார்? கடவுள் அல்லர். இறைவாக்கினரும் அல்லர். யோபைக் காண வந்த மூன்று நண்பர்களுள் ஒருவரான பில்தாது. கேட்டவர் யார்? ஏழு ஆண்மக்களையும் மூன்று பெண்மக்களையும் ஒரே நாளில், பெருங்காற்றில் இடிந்து விழுந்த வீட்டின் அடியில் பறிகொடுத்த தந்தை. அதே அதிகாரத்தின் 4-ஆம் வசனத்தைப் பாருங்கள். உன் பிள்ளைகள் பாவம் செய்திருந்தால் அதற்குரிய பலனை அடைந்தார்கள் என்கிற பொருளில், ஈரக்கண்ணோடு இருக்கும் அத்தந்தையின் முகத்துக்கு நேரே பேசுகிறார் பில்தாது. அதைச் சொன்ன வாய்தான், மூன்று வசனங்களுக்குப் பின், நீ நேர்மையுள்ளவனானால் உன் முடிவு பெரிதாகும் என்கிறது. கடைப்பலகையில் நாம் எழுதி வைத்திருப்பது அந்த வாயின் சொல்லை!

வேத வசனத்தைக் குறை கூறுவதாக வாசகர்கள் எண்ண வேண்டா. சொன்னவரையும் கேட்டவரையும் விட்டுவிட்டுச் சொல்லை மட்டும் கொய்து எடுப்பதே இங்குள்ள இடர். தமிழருக்கு இது புதிய செய்தியும் அன்று. தொல்காப்பியச் செய்யுளியல் செய்யுளின் உறுப்புகள் முப்பத்து நான்கினை எண்ணுமிடத்தில், எழுத்து, அசை, சீர், தொடை ஆகியவற்றோடு நில்லாமல், கூற்று, கேட்போர், களன், காலம், பயன் என்பவற்றையும் உறுப்புகளாகவே கொள்கின்றது. முன்னம் என்று இன்னோர் உறுப்பும் உண்டு. இந்த இடத்தில் இந்தச் சொல் இன்னாருக்கு இன்னாரால் சொல்லப்பட்டது என்பதைப் படிப்பவர் குறிப்பால் உணருமாறு அமைப்பதற்கு அப்பெயர். யாப்பு கெட்டால் செய்யுள் கெடுவது போலவே, கூற்று மாறினாலும் செய்யுள் கெடும் என்பது நம் முன்னோர் கண்ட உண்மை. குறுந்தொகை, நற்றிணைப் பாடல்களின் கீழே தலைவி கூற்று, தோழி கூற்று என்று குறிப்புகள் இருப்பதைப் பள்ளியிலேயே நம் பிள்ளைகள் படிக்கின்றனர். தமிழ் வகுப்பில் இவ்வளவு கவனமாய் இருக்கும் பிள்ளை, திருநூலைத் திறந்ததும் அக்கேள்வியை ஏனோ மறந்துவிடுகிறது.

திருச்சபை இக்கேள்வியை மறக்கவில்லை. 1943-இல் பன்னிரண்டாம் பத்திநாதர் எழுதிய சுற்றுமடலும், 1965-இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் வெளியிட்ட இறைவெளிப்பாடு பற்றிய கொள்கைத் திரட்டும், திருநூலாசிரியர் கையாண்ட இலக்கிய வகையை ஆராய்ந்தே அவர் கருத்தை அறிய வேண்டும் என்று பணித்தன. 1993-இல் பாப்பிறை விவிலிய ஆணையம் ஒருபடி மேலே சென்று, கதை சொல்லும் முறை, சொல்வன்மை ஆகியவற்றை ஆராயும் புதிய இலக்கிய முறைகளையும் எடைபோட்டுப் பயன் கண்டது. யூத அறிஞர்களோ இதில் நமக்கு மிக மூத்தவர்கள். யோபு என்று ஒருவர் வாழ்ந்ததே இல்லை, அந்நூல் ஓர் உவமைக் கதை என்று கருதிய ரபி ஒருவரின் கூற்றைத் தால்மூதே பதிவு செய்துள்ளது. அதனால் அந்நூலின் மதிப்பு யூதரிடையே குறையவும் இல்லை.

இதே பெருஞ்சாலையில் தெற்கே சென்றால் வரும் திண்டிவனத்தில், தமிழ்நாடு விவிலிய, மறைக்கல்வி, திருவழிபாட்டு நடுநிலையம் உள்ளது. 1995-இல் திருவிவிலியத்தின் பொது மொழிபெயர்ப்பு அந்நிலையத்தின் வழியே நம் கைக்கு வந்தது. அதில் இனிமைமிகு பாடல் என்னும் நூலை எடுத்துப் பாருங்கள். தலைவி, தலைவன் என்ற அகப்பொருள் வழக்குகளைக் கொண்டே கூற்றுகள் பிரித்துக் காட்டப்பட்டிருக்கும். தமிழுக்காகச் செய்த ஒப்பனை என்று இதனைக் கருத வேண்டா. எபிரேய மொழியில் முன்னிலைச் சொல்லும் வினையும் ஆண்பால், பெண்பால் காட்டுவதால், பேசப்படுபவர் ஆணா, பெண்ணா என்பது பெரும்பாலும் மூலத்திலேயே விளங்கிவிடும். நான்காம் நூற்றாண்டில் எழுதப்பட்ட சினாய்ச் சுவடியில், கிரேக்க மொழிபெயர்ப்பின் இடையிடையே, பேசுவோர் யார் என்பதைச் சிவப்பு மையால் குறித்திருக்கின்றனர். நம் அகப்பாடல்களின் கீழ் உள்ள குறிப்புகளைப் போலவே அவையும் பின்னோர் சேர்த்தவை. இங்கும் சரி, அங்கும் சரி, சில பாடல்கள் யார் கூற்று என்பதில் உரையாசிரியர்கள் இன்றும் மாறுபடுகின்றனர்!

காதற்பாடலில் கூற்றைத் தவறவிட்டால் சுவை குன்றும். வேறு கேடு இல்லை. யோபு ஆகமத்தில் தவறவிட்டால் உயிருள்ள மனிதருக்குக் காயம் உண்டாகும். 2004 டிசம்பர் 26, கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு மறுநாள், ஞாயிற்றுக்கிழமை காலையில் ஆழிப்பேரலை எழுந்து, நாகையிலும் வேளாங்கண்ணியிலும் மட்டுமின்றி நம் கல்பாக்கம், சதுரங்கப்பட்டினம் கரைகளிலும் புகுந்தது. தமிழகத்தில் ஏறத்தாழ 8,000 பேர் மாண்டனர். மணலில் பிள்ளைகளைத் தேடிக்கொண்டிருந்த பெற்றோரைப் பற்றி, இது பாவத்துக்கு வந்த தண்டனை என்று பேசியவர்கள் அன்று இருந்தார்கள். திருநூலையும் சான்றுக்கு அழைத்தார்கள். குற்றமற்றவன் எவன் அழிந்ததுண்டு என்னும் பொருளில் யோபு ஆகமத்தில் ஒரு வரி உள்ளதே எனலாம். உள்ளது, அது எலிப்பாசின் கூற்று. அந்நூலின் இறுதியில் ஆண்டவரே எலிப்பாசை நோக்கி, நீயும் உன் நண்பர் இருவரும் யோபைப் போலச் சரியாகப் பேசவில்லை என்று சினந்துரைக்கின்றார். ஆண்டவர் சரியன்று எனத் தள்ளியதை ஆண்டவரின் தீர்ப்பாக எடுத்து நீட்டுவது எத்தகைய கொடுமை!

சீலோவாமில் கோபுரம் விழுந்து மாண்ட 18 பேரைப் பற்றிய பேச்சில், இத்தகைய கணக்கை இயேசு பெருமானும் மறுத்துவிட்டார். பாலைநிலத்தில் அவரைச் சோதித்த அலகையும் திருப்பாடல் வசனத்தைத்தானே எடுத்துரைத்தது?

மாமல்லபுரத்துப் பெரும்பாறைச் சிற்பத்தைப் பலரும் பார்த்திருப்பீர்கள். தவம் செய்பவர் அர்ச்சுனரா, பகீரதரா என்று அறிஞர்கள் இன்னும் வழக்காடுகின்றனர். அதே பாறையில் கீழே ஒரு பூனையும் முன்னங்கால்களைத் தலைக்குமேல் உயர்த்தி நிற்கின்றது. பூனையை மட்டும் படம் பிடித்துக் காட்டினால் தவம் என்றே சொல்வோம். காலடியில் உள்ள எலிகளையும் சேர்த்துப் பார்த்தவருக்கே சிற்பியின் நகைப்பு விளங்கும். யோபின் நண்பர்கள் அப்பூனையைப் போல வஞ்சகர் அல்லர். மெய்யாகவே நண்பனுக்காக அழுதவர்கள். ஆயினும் அவர்கள் சொல்லையும் அது நிற்கும் இடத்தோடு சேர்த்தே பார்க்க வேண்டும்.

இங்கே ஒருவர் தடை எழுப்பலாம். புனித பவுல் கொரிந்தியருக்கு எழுதிய முதல் திருமுகத்தில் எலிப்பாசின் சொல் ஒன்றை மறைநூல் வாக்காகவே எடுத்தாள்கின்றாரே, அது எப்படி? நல்ல கேள்வி. ஞானிகளின் சூழ்ச்சியிலேயே கடவுள் அவர்களைப் பிடிக்கிறார் என்பது பொதுவாக மெய்தான். நண்பர்கள் பேசிய பலவும் தனித்தனியே நல்ல மொழிகள்தாம். பில்தாதின் சொற்கூட முடிவில் பலித்தது. யோபின் பிந்திய நாள்கள் முந்தியவற்றைவிட ஆசி பெற்றன. ஆனால் பில்தாது காட்டிய காரணத்தால் அன்று. ஆதலின் கடைக்காரர் தம் பலகையை அழிக்க வேண்டியதில்லை. பிள்ளையை இழந்த வீட்டுக்கு அவ்வசனத்தை அட்டையில் எழுதி அனுப்புவதுதான் ஆகாது.

கூற்றைப் பார்த்த பின் கேட்போரையும் பார்க்க வேண்டும். நூலின் நடுவே உள்ள நீண்ட செய்யுட்பகுதியில் எலிப்பாசு, பில்தாது, சோப்பார் மூவரும் கடவுளைப் பற்றி ஓயாமல் பேசுகின்றனர். ஒருமுறையேனும் கடவுளை நோக்கிப் பேசவில்லை. யோபோ, நண்பர்களுக்கு விடை கூறிக்கொண்டிருக்கும்போதே, திடீரென முகத்தைத் திருப்பிக் கடவுளை முன்னிலைப்படுத்தி, ஏன் என்னைத் துன்புறுத்துகின்றீர் எனக் கேட்கத் தொடங்கிவிடுகின்றார். 7-ஆம், 10-ஆம், 13-ஆம் அதிகாரங்களில் இத்திருப்பத்தைக் காணலாம். இறுதித் தீர்ப்பில் உள்ள எபிரேயச் சொல்லும் கருதத்தக்கது. என்னைப் பற்றிச் சரியாகப் பேசவில்லை என்றே பெரும்பாலான மொழிபெயர்ப்புகள் கொள்கின்றன. ஆனால் அச்சொல்லின் நேர்ப்பொருள் என்னிடம் என்பது.

நம் பக்கத்துச் சாவு வீடுகளில் பெண்கள் ஒப்பாரி வைப்பதைக் கேட்டவர்களுக்கு யோபின் இத்திருப்பம் எளிதில் விளங்கும். இறந்தவரை நேரே விளித்து, என்னை ஏன் விட்டுப் போனாய் என்று பாடும் குரல், அடுத்த அடியில் கடவுளை விளித்து, உனக்குக் கண் இல்லையா என்று கேட்கும். அவ்விடத்தில் அருகிலிருக்கும் பக்திமான் பதறி, கடவுளை அப்படிப் பேசாதே அம்மா என்று அடக்குவதும் உண்டு. யோபுக்கும் அந்த அறிவுரை கிடைத்தது.

நண்பர்கள் செய்த செயல்களுள் குறை காண முடியாதது ஒன்று உண்டு. வந்த நாள் முதல் ஏழு பகலும் ஏழு இரவும் அவர்கள் யோபோடு தரையில் அமர்ந்து, ஒரு சொல்லும் பேசாதிருந்தனர். மூன்றாம் அதிகாரத்தின் முதல் வசனத்தைப் பாருங்கள். அந்த ஏழு நாளும் கழிந்தபின் முதலில் வாய் திறந்தவர் யோபு.