வண்டிக்கு இ-சலான் நோட்டீஸ் வந்திருச்சா? பணம் கட்டும் முன் இதைப் பாருங்க!

அபிஷேகப்பாக்கத்திலிருந்து தவளக்குப்பம் வந்து, கடலூர் சாலையில் ஏறி புதுச்சேரிக்கு வேலைக்குப் போகிறவர் நீங்களா? ஒருநாள் போனில் ‘உங்கள் வாகனம் மீது விதிமீறல்’ என்று தகவல் வரலாம். பதறிப்போய் உடனே பணம் கட்டுவதும் தப்பு. ‘அப்புறம் பார்த்துக்கலாம்’ என்று விடுவதும் தப்பு.

நோட்டீஸ் வந்தாலே குற்றவாளியா?

இல்லை. அது குற்றச்சாட்டு மட்டுமே. மோட்டார் வாகனச் சட்டம் 200-வது பிரிவின்படி, பல விதிமீறல்களை அபராதம் கட்டி முடித்துக்கொள்ளலாம். தப்பு செய்யவில்லை என்றால் மறுக்கலாம். முடிவு சொல்வது நீதிமன்றம். ஆனால் குடித்துவிட்டு ஓட்டிய வழக்கு (பிரிவு 185) அப்படி முடியாது. கோர்ட்டுக்குப் போயே ஆகணும்.

14 நாள் கணக்கு என்ன?

அதிவேகம் (183), ஆபத்தாக ஓட்டுதல் (184) இரண்டுக்கும் 209-வது பிரிவு ஒரு பாதுகாப்பு தருகிறது. போலீஸ் அந்த இடத்திலேயே எச்சரித்திருக்க வேண்டும். அல்லது 14 நாளுக்குள் நோட்டீஸ் அனுப்பியிருக்க வேண்டும். அல்லது 28 நாளுக்குள் சம்மன் தந்திருக்க வேண்டும். மூன்றுமே நடக்கவில்லை என்றால் தண்டிக்க முடியாது. ஆனால் முகவரியைக் கண்டுபிடிக்க முடியாமல் போனாலோ, தாமதத்துக்கு நீங்களே காரணம் என்றாலோ இந்தச் சலுகை கிடையாது. ஹெல்மெட் போடாத வழக்குக்கும் இது பொருந்தாது. அதனால், சம்பவ தேதியையும் நோட்டீஸ் தேதியையும் முதலில் பாருங்க.

வண்டியை வித்தாச்சே, எனக்கு ஏன்?

ஆர்.சி.யில் யார் பெயரோ, அவருக்குத்தான் நோட்டீஸ். ஓட்டியது யார் என்று போலீஸ் கேட்டால் உரிமையாளர் சொல்லியாக வேண்டும் (பிரிவு 133). புதுச்சேரிக்குள்ளேயே விற்றால், விற்றவர் 14 நாளிலும் வாங்கியவர் 30 நாளிலும் ஆர்.டி.ஓ. அலுவலகத்துக்குத் தெரிவிக்க வேண்டும். வாய்ப்பேச்சில் கைமாறிய பைக் இங்கேதான் சிக்கவைக்கும்.

ஓட்டியது 18 வயதாகாத பையன் என்றால் சிக்கல் பெரிசு. பெற்றோர் அல்லது உரிமையாளருக்கு 3 ஆண்டு வரை சிறை, 25,000 ரூபாய் அபராதம். வண்டியின் பதிவும் 12 மாதம் ரத்து (பிரிவு 199ஏ).

லிங்க் உண்மையானதா?

வாட்ஸ்அப்பில் ‘சலான்’ என்ற பெயரில் ஏ.பி.கே. ஃபைல் வந்தால் தொடவே வேண்டாம். மத்திய அரசின் பரிவாகன் இ-சலான் தளத்தில் நீங்களே வண்டி எண் போட்டுத் தேடுங்க. அங்கே இல்லாத ‘சலானுக்கு’ பணம் அனுப்பாதீங்க. ஏமாந்துவிட்டால் உடனே 1930-க்கு போன் செய்யுங்க.

உண்மையான நோட்டீஸ்தான் என்றால் வண்டி எண், போட்டோ, இடம், நேரம், சட்டப்பிரிவு ஆகிய ஐந்தையும் சரிபாருங்க. எல்லாம் சரி என்றால் கட்டிவிட்டு ரசீதை வையுங்க. தப்பு என்றால், அதில் போட்டிருக்கும் கெடு தேதிக்குள் எழுத்துப்பூர்வமாக மறுத்துவிடுங்க. சும்மா இருந்தால், அடுத்து வருவது சம்மனாக இருக்கலாம்.