வீட்டுக்குள்ளும் காமிரா வரட்டும்

விவசாயத்தைப் பற்றி டாக்குமெண்டரி எடுக்க வருகிறவர்கள் நேரே வயலுக்குப் போய்விடுகிறார்கள். டிராக்டர், உரமூட்டை, தலை சாய்ந்த கதிர். முன்பு சினிமாக் கொட்டகையில் பெரிய படத்துக்கு முன்னால் ஓடிய பிலிம்ஸ் டிவிஷன் படங்களிலும் குடியானவரின் வீட்டுக்குள் காமிரா நுழைந்தது அபூர்வம்.

அயோத்தியாப்பட்டணம் பக்கம் ஐப்பசி மழை பிடித்துக்கொண்டால் வீட்டின் பாடு தெரியும். வாசலில் காயப்போட்ட நிலக்கடலை உள்ளே வந்துவிடும். கன்றுக்குட்டி தாழ்வாரத்துக்கு வரும். பிள்ளைகள் மூட்டை ஓரத்தில் முடங்கிக்கொள்வார்கள். கடலையில் ஈரம் சுமார் 8 சதவிகிதத்துக்கு மேல் நின்றால் பூசணம் பிடிக்கும். அது விலையிலும் அடிக்கும், உடம்புக்கும் ஆகாது. இரவில் எழுந்து கிளறிவிடுவது பெரும்பாலும் பெண்கள்தான். 2019-ல் மத்திய அரசு எடுத்த நேரக் கணக்கெடுப்பில், வீட்டு வேலை செய்யும் பெண்களுக்கு அதற்கே தினம் சராசரி 299 நிமிடம் போவதாகத் தெரிந்தது. ஆண்களுக்கு 97.

பிரதம மந்திரி ஊரக வீட்டுத் திட்டம் 2016-ல் வந்தது. அதில் வீட்டுக்குக் குறைந்தபட்ச அளவு, சமையலிடம் சேர்த்து, 25 சதுர மீட்டர். ஏறக்குறைய 270 சதுர அடி. ஒழுகாத கூரை சின்ன விஷயமல்ல. ஆனால் கடலை மூட்டைக்கும் விதைக்கும் அதில் இடம் எங்கே?

லண்டன் சேரி வீடுகளைப் பற்றி 1935-ல் ஆர்தர் எல்ட்டனும் எட்கர் ஆன்ஸ்டியும் 'ஹவுசிங் பிராப்ளம்ஸ்' என்று கால் மணி நேரப் படம் ஒன்று எடுத்தார்கள். குடியிருந்தவர்களே காமிரா முன் நின்று எலித் தொல்லையையும் இடிந்த சுவரையும் சொன்னார்கள். அந்நாளில் அது புதுமை. பணம் போட்டது எரிவாயுக் கம்பெனிகளின் சங்கம்! போகட்டும், பேசியது வீட்டுக்காரர்கள்.

நமக்குக் கம்பெனி வேண்டாம். பிள்ளைகள் கையில் இருக்கும் செல்போன் போதும். விடியற்காலைப் பால் கறப்பிலிருந்து இரவு கதவடைப்பு வரை எடுத்து, கால் மணி நேரமாகச் சுருக்கி, வீட்டு அம்மாளையே பேசவிட்டு, ஜனவரி 26 கிராம சபையில் போட்டுக் காட்டுங்கள். ஒன்றிய அலுவலக ஓவர்சியரையும் உட்கார வையுங்கள். ஒன்று மட்டும்: மழை நாளில் எடுங்கள். வெயில் நாளில் பண்டபாத்திரம், மூட்டை எல்லாம் வாசலில் கிடக்கும். படத்தில் வீடு பெரிதாகத் தெரியும்.