கோழியின் பாட்டன் யார்? பாடத்தை வெட்டியவர்களுக்குப் பதில்

கோழிக்கும் டைனோசருக்கும் என்ன உறவு என்பது ஆலைத் தொழிலாளிக்கும் விவசாயக் கூலிக்கும் எதற்கு என்று சில பெரிய மனிதர்கள் கேட்கிறார்கள். வயிற்றுப்பாட்டுக்கு அலைகிறவனுக்கு விஞ்ஞானம் எதற்கு என்பது அவர்கள் வாதம். இந்த வாதத்தை நாம் அடியோடு மறுக்கிறோம்.

என்.சி.இ.ஆர்.டி. வெளியிடும் பத்தாம் வகுப்பு விஞ்ஞானப் புத்தகத்தில் பரிணாமம் பற்றிய பாடம் இருந்தது. சில டைனோசர்களுக்கு இறகு இருந்தது. அதைக் கொண்டு அவை பறக்கவில்லை. பிற்காலத்தில் பறவைகள் அந்த இறகைப் பறப்பதற்குப் பயன்படுத்திக் கொண்டன என்று அதில் எழுதியிருந்தார்கள். 2023இல் வந்த புத்தகத்தில் அந்தப் பகுதியைக் காணோம். மாணவர்களின் சுமையைக் குறைத்தோம் என்றார்கள். 1,800க்கு மேற்பட்ட விஞ்ஞானிகளும் ஆசிரியர்களும் கையெழுத்திட்டு இதைக் கண்டித்தார்கள்.

பன்னிரண்டாம் வகுப்பில் பாடம் இருக்கிறதே என்று சமாதானம் சொல்லப்பட்டது. யாருக்கு இருக்கிறது? உயிரியல் எடுத்துப் படிக்கிறவனுக்கு இருக்கிறது. பத்தாவதோடு நின்று வேலைக்குப் போகிற பிள்ளைக்கு என்ன இருக்கிறது? அந்தப் பிள்ளை யார் வீட்டுப் பிள்ளை? நம் வீட்டுப் பிள்ளை! சுமையைக் குறைக்கிறோம் என்று சொல்லி, ஏழையின் பங்கு அறிவையல்லவா குறைத்தார்கள்!

உழைப்பாளி தோண்டிய உண்மை

இந்த உண்மையை வெளியே கொண்டு வந்தது யார்? ஜெர்மனியில் ஸோல்ன்ஹோபன் என்ற ஊர்ப் பக்கத்தில் வழவழப்பான சுண்ணாம்புக் கல் கிடைக்கிறது. கல் அச்சுக்காக அதைத் தட்டுத் தட்டாகப் பிளந்து எடுத்தார்கள் தொழிலாளர்கள். 1861இல் அந்தக் கல்லுக்குள்ளே இறகோடு ஒரு பிராணியின் எலும்புக்கூடு அகப்பட்டது. வயது சுமார் 15 கோடி ஆண்டு. பறவையைப் போல இறகு. ஆனால் சிறகிலே நகம், பின்னாலே ஊர்வனவற்றைப் போல நீண்ட எலும்பு வால். ஆர்க்கியாப்டெரிக்ஸ் என்று பெயரிட்டார்கள். டார்வினின் புத்தகம் வெளிவந்து அப்போது இரண்டே ஆண்டுதான் ஆகியிருந்தது.

இன்னொன்றை 1870களில் யாகோப் நீமேயர் என்ற விவசாயி கண்டெடுத்தார். ஒரு பசு மாடு வாங்குகிற விலைக்கு அதை விற்றார். கை மாறிக் கை மாறி, 1881இல் பெர்லின் மியூசியத்துக்குப் போனபோது அதன் விலை 20,000 தங்க மார்க்! பணம் கொடுத்தவர் சீமன்ஸ் என்ற ஆலை முதலாளி. எடுத்தவனுக்கு ஒரு மாடு. இடையில் நின்றவனுக்கு லாபம். நெல் விளைவிக்கிறவனுக்கும் நூல் நூற்கிறவனுக்கும் இந்தக் கணக்கைப் புதிதாகச் சொல்லித் தர வேண்டுமா?

ஆட்சேபங்களும் பதிலும்

1860களின் கடைசியிலேயே ஹக்ஸ்லி என்ற ஆங்கில விஞ்ஞானி, பறவையும் டைனோசரும் நெருங்கிய உறவு என்று வாதாடினார். எதிர்ப்பு வந்தது. பறவையின் நெஞ்சில் கவட்டை போல ஒரு எலும்பு உண்டு. அது காறை எலும்புகள் இரண்டும் ஒட்டி உண்டானது. டைனோசருக்கு அந்த எலும்புகளே கிடையாது, ஆகவே உறவு இல்லை என்று 1926இல் ஹைல்மன் எழுதினார். நாற்பது ஆண்டுகளுக்கு மேல் இந்த வாதமே கொடி கட்டிப் பறந்தது. பிறகு என்ன ஆயிற்று? தோண்டத் தோண்ட, டைனோசர்களிடமும் அதே எலும்பு கிடைத்தது. 1964இல் அமெரிக்காவின் மொன்டானாவில் ஆஸ்ட்ரம் கண்டெடுத்த டைனோசரின் கையும் மணிக்கட்டும் ஆர்க்கியாப்டெரிக்ஸைப் போலவே இருந்தன. 1996இல் சீனாவின் லியாவ்னிங் மாகாணத்தில் உடலெல்லாம் மெல்லிய தூவி போர்த்த டைனோசர் வெளிப்பட்டது. அதைக் கண்டெடுத்தவரும் ஒரு விவசாயிதான்!

"1999இல் ஒரு போலி பிடிபட்டதே?" என்று கேட்கிறார்கள். பிடிபட்டது உண்மை. பறவையின் உடலோடு டைனோசர் வாலை ஒட்டி, 80,000 டாலருக்கு அமெரிக்காவில் விற்றார்கள். ஒரு பெரிய பத்திரிகையும் ஏமாந்தது. அதைச் செய்யத் தூண்டியது எது? எலும்பைக் கடைச் சரக்காக்கிய சந்தை. அம்பலப்படுத்தியது யார்? ஷூ ஷிங் என்ற சீன விஞ்ஞானி. அந்த வாலுக்குரிய மறுபாதிக் கல்லை அவரே தேடிப் பிடித்தார். அந்த வாலும் இறகுள்ள ஒரு சிறிய டைனோசருடையது என்று தெரிந்தது. தன் வீட்டுக் குப்பையைத் தானே கூட்டித் தள்ளுகிறது விஞ்ஞானம். பாடத்தை வெட்டியவர்கள் அப்படிச் செய்வார்களா?

"நேரில் பார்த்தவன் யார்?" என்பது அடுத்த கேள்வி. உங்கள் வீட்டுக் கோழியின் காலைப் பாருங்கள். முன்னே மூன்று விரல், கூர் நகம், செதில் போர்த்த தோல். இரண்டு காலில் ஓடிய டைனோசரின் பாதமும் அதே அமைப்புத்தான். கோழி எலும்பை உடைத்துப் பாருங்கள், உள்ளே கூடு. அந்த டைனோசர்களின் எலும்பும் அப்படியே. சாட்சி நம் கொல்லையிலேயே மேய்ந்து கொண்டிருக்கிறது!

6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் ராட்சத டைனோசர்கள் அழிந்தன. அந்த வம்சத்தில் மிஞ்சியவை பறவைகள். உலகில் எதுவும் ஆதியில் இருந்தபடியே நிற்பதில்லை என்பதற்கு இதைவிட வேறென்ன அத்தாட்சி வேண்டும்? உள்ளது எல்லாம் என்றும் இப்படியே இருக்கும் என்று ஏழைக்குப் போதிக்கிறவர்களுக்கு இந்தப் பாடம் கசக்கிறது என்றால், அதில் ஆச்சரியம் என்ன?

நாம் கேட்பது இதுதான்: பத்தாவது வரை படிக்கிற ஒவ்வொரு பிள்ளைக்கும் பரிணாமப் பாடம் வேண்டும். கல்லை உடைத்து இந்த உண்மையை எடுத்தது உழைப்பாளியின் கை. உழைப்பாளியின் பிள்ளைக்கு அதை மறைக்க எவனுக்கும் உரிமை கிடையாது!