196 பேரின் குற்றம், லட்சம் பேரின் தண்டனை

மணலியில் சுத்திகரிப்பு ஆலையிலும் உர ஆலையிலும் ஷிப்ட் முடிந்து வெளியே வரும் ஒப்பந்தத் தொழிலாளர்களிடையே பொறியியல் படித்தவர்களும் உண்டு. கம்பெனி ரோலில் பெயர் ஏறாது என்று தெரிந்தபின் அவர்களுக்கு மிஞ்சும் நம்பிக்கை அரசுத் தேர்வுதான். நைட் ஷிப்ட் பார்த்துவிட்டுப் பகலில் படிக்கிறார்கள். அந்த உழைப்புக்கு அரசு காட்டும் மரியாதை என்ன?

அரசு பாலிடெக்னிக்குகளில் 1,058 விரிவுரையாளர் இடங்களுக்கு ஆசிரியர் தேர்வு வாரியம் 2017 செப்டம்பர் 16 அன்று தேர்வு நடத்தியது. லட்சம் பேருக்கு மேல் எழுதினார்கள். அசல் ஓ.எம்.ஆர். தாள்களோடு ஒப்பிட்டபோது, 196 பேருக்கு மதிப்பெண் கூட்டிப் போடப்பட்டிருந்தது அம்பலமானது. 2018 பிப்ரவரியில் வாரியம் தேர்வையே ரத்து செய்தது. நேர்மையாகத் தேறியவர்கள் நீதிமன்றப் படியேறினார்கள். மறுதேர்வு நடந்தது 2021 டிசம்பரில். நடுவில் பெருந்தொற்று வந்தது உண்மைதான். ஆனால் அதற்கு முன்பே இரண்டு ஆண்டுகள் ஓடிவிட்டன.

அசல் தாள்கள் கையில் இருந்தன. முறைகேடு செய்தவர்கள் யார் என்பதும் தெரிந்தது. அவர்களை நீக்கிவிட்டு மற்றவர்களுக்குப் பணி தந்திருக்க முடியும் என்றே நாம் கருதுகிறோம். 2019 குரூப் 4 தேர்வில் ராமேசுவரம், கீழக்கரை மையங்களில் மோசடி நடந்தபோது, டிஎன்பிஎஸ்சி 99 பேருக்கு வாழ்நாள் தடை விதித்துவிட்டுத் தேர்வுப் பணியைத் தொடர்ந்தது. ஒரே மாநிலத்தில், ஒரே வகைக் குற்றத்துக்கு இரண்டு நியாயங்கள்.

தாள்களே இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதை மேற்கு வங்கத்தில் பார்த்தோம். அங்கே 2016 பள்ளிப் பணித் தேர்வின் அசல் ஓ.எம்.ஆர். தாள்கள் அழிக்கப்பட்டிருந்தன. தகுதியானவரையும் குறுக்கு வழியில் வந்தவரையும் பிரிக்க வழியில்லாமல் போனது. 2025 ஏப்ரல் 3 அன்று உச்ச நீதிமன்றம் 25,753 நியமனங்கள் ரத்தானதை உறுதி செய்தது. பல ஆண்டுகள் வகுப்பெடுத்தவர்களின் நியமனமும் ஒரே தீர்ப்பில் செல்லாததானது.

வழக்குப் போடுகிறவர்களால்தான் நியமனம் தாமதமாகிறது என்று அதிகாரிகள் குறைப்படுவதுண்டு. அதை ஏற்க முடியாது. விடைத்தாளையும் இறுதி விடைக்குறிப்பையும் காட்டாமல் பட்டியல் வெளியிட்டால், பாதிக்கப்பட்டவர் வேறு எங்கே போவார்? ஒரு மதிப்பெண்ணில் வேலை கைநழுவுகிறது. விடைக்குறிப்பில் பிழையான ஒரு கேள்விக்காக வழக்குத் தொடுப்பது அவர் உரிமை.

தமிழக அரசு இதற்கு ஒரு சட்டம் கொண்டுவர வேண்டும். முடிவு வெளியாகும் முன்பே ஒவ்வொருவரின் ஓ.எம்.ஆர். நகலும் அவர் பார்வைக்கு வர வேண்டும். கடைசி வழக்கு முடியும்வரை அசலை அழிக்கக் கூடாது. முறைகேடு வெளிப்பட்டால், குற்றவாளிகளைப் பிரிக்கவே முடியாது என்று காரணங்களோடு நிறுவினால் அன்றித் தேர்வை ரத்து செய்யும் அதிகாரம் வாரியத்துக்கு இருக்கலாகாது. பணித்தேர்வு வழக்குகளைத் தனி அமர்வில் ஆறு மாதத்துக்குள் முடிக்கச் சென்னை உயர் நீதிமன்றமும் முன்வர வேண்டும். வழக்கில் கழிந்த காலத்தை வயது வரம்பில் கணக்கிடக் கூடாது. அடுத்த தேர்வு அறிவிக்கைக்கு முன்பே இவற்றைச் செய்யுங்கள்.