ரோஸியின் வம்சாவளியை அறுத்தது யார்?

மறந்துபோன கலைஞரைத் தேடணும்னா பழைய பேப்பரைப் புரட்டு, வம்சாவளியைப் பாரு என்கிறார்கள் ஆய்வாளர்கள். சரி. பி.கே.ரோஸியை அப்படித் தேடிப் பாருங்கள் தோழர்களே.

மலையாளத்தின் முதல் சினிமா 'விகதகுமாரன்'. எடுத்தவர் ஜே.சி.டேனியல். திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டரில் 1928ல் திரையிட்டதாக வெகுகாலம் எழுதினார்கள். 1930 என்று பிற்பாடு ஆய்ந்தவர்கள் சொல்கிறார்கள். படத்தின் தேதிக்கு இவ்வளவு விசாரணை. கதாநாயகிக்கு?

ரோஸி புலையர் வீட்டுப் பெண். காக்காரிசி நாடகத்தில் ஆடியவர். படத்தில் நாயர் பெண்ணாக வந்தார். பொறுக்குமா சாதிக்கு? திரையில் கல்லடித்தார்கள். அவர் குடிசைக்குத் தீ வைத்தார்கள். லாரி ஏறி நாகர்கோவிலுக்குத் தப்பியவர், லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்து ராஜம்மாளாக வாழ்ந்து முடித்தார். படச்சுருள் இல்லை. இதுதான் ரோஸி என்று உறுதியாகக் காட்ட ஒரு போட்டோகூட இல்லை.

டேனியலை அகஸ்தீஸ்வரத்தில் பார்த்து எழுத சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் இருந்தார். அதே மாவட்டத்தில் மறைந்து வாழ்ந்த ரோஸி தன் வாயால் சொன்ன ஒரு வரி நம்மிடம் இல்லை. குன்னுக்குழி எஸ்.மணி போன்றவர்கள் பிறர் சொன்னதைக் கேட்டுக் கேட்டுத்தான் அந்த வாழ்க்கையைச் சேர்த்தெடுத்தார்கள். 2013ல் 'செல்லுலாய்ட்' படம் வந்தது. இன்று சென்னையில் ரோஸி பேரில் திரைப்பட விழாவே நடக்குது. நல்லது. ஆனா ரோஸி பார்க்கல.

வங்கிக் கவுண்டரில் உட்கார்கிறவன் சொல்றேன்: பதிவேட்டில் ஒரு பேர் ஏற கையெழுத்து வேணும், விலாசம் வேணும், வாரிசு வேணும். பேரை மாத்தி, விலாசத்தைக் கொளுத்தி, சாதியை மறைச்சாத்தான் பிள்ளைங்க பிழைக்கும்னு ஆக்கிட்டு, 'ஆதாரம் எங்கே?'ன்னு கேக்கறான். அந்த வெற்றிடமே ஆதாரம்தான். அப்படி வாசிக்கக் கத்துக்கணும். அதேசமயம், இன்னும் மறைத்து வாழும் பேரப்பிள்ளைகளை அவர்கள் சம்மதமில்லாமல் அச்சில் காட்டிக்கொடுப்பது ஆய்வாகாது.

செம்பரம்பாக்கம் ஏரியில் எத்தனை அடி தண்ணின்னு மழைக்காலத்துல தினமும் பேப்பர்ல வருது. அந்தக் கரையோரச் சேரிகளில் விடிய விடியக் கூத்தாடியவர், பறையடித்தவர் பேரைப் பார்த்ததுண்டா? மாணவத் தோழர்களே, நூலகத்துக்கு அப்புறம் போகலாம். முதலில் உங்க ஆயாவிடம், தாத்தாவிடம் உட்காருங்கள். நாடக நோட்டீஸ், ரேஷன் கார்டு, பள்ளிக்கூட டி.சி., ஞானஸ்நானப் பதிவு எல்லாம் டிரங்குப் பெட்டியில் கிடக்கும். தேதி போட்டு எழுதி வையுங்கள். அவங்க உயிரோட இருக்கும்போதே.